ஆழம் அறிந்து ஆளை அறி

ஹனூரிலிருந்து எந்தக் கடற்கரைக்குப் போக வேண்டுமென்றாலும் மலை இறங்கி நெடுந்தூரம் பயணம் செய்ய வேண்டும். கொள்ளேகாலுக்கும் மாதேஸ்வர மலைக்கும் நடுவே, ராகியும் மக்காச்சோளமும் மல்பெரியும் விளையும் மேட்டு நிலம் எங்கள் ஊர். கடல் மீன் இங்கே ஐஸ் பெட்டியில்தான் வந்து சேரும். அப்படியிருந்தும், நான் படித்த விலங்கியலில் வாழ்க்கைக்கு அதிகம் உதவிய சொல் எது என்று கேட்டால் ‘ஆழ்கடல் மீன்’ என்றுதான் சொல்வேன். பல ஆண்டுகள் பிள்ளைகளுக்கு உயிரியல் நடத்தியவன் நான். எழுபதைக் கடந்த இந்த வயதில், அந்தச் சொல்லிலிருந்து நான் கற்றதை இளையவர்களுக்குச் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றுகிறது.

முதலில் அந்தச் சொல் எதைக் குறிக்கிறது என்று பார்ப்போம். கன்னியாகுமரி மாவட்டத்துத் தூத்தூர் வட்டார மீனவர்கள் ஆழ்கடல் மீன்பிடிப்பில் பேர் பெற்றவர்கள். நாள்கணக்கில், வாரக்கணக்கில் கடலில் தங்கிச் சூரையும் சுறாவும் பிடித்து வருவார்கள். பாக் நீரிணை மீனவர்களை இழுவைப் படகிலிருந்து மாற்றுவதற்காக 2017-இல் அரசு கொண்டுவந்த திட்டத்துக்கும் ஆழ்கடல் மீன்பிடிப்புத் திட்டம் என்றே பெயர். இங்கெல்லாம் ஆழ்கடல் என்றால் கரையிலிருந்து வெகு தொலைவு என்று பொருள். அவர்கள் தேடிப் போகும் சூரை பெரும்பாலும் வெயில் படும் மேல்நீரில் திரிகிற மீன். விலங்கியலார் அதை ஆழ்கடல் மீன் என்று சொல்ல மாட்டார்கள். அவர்கள் தூரத்தைக் கணக்கில் எடுப்பதில்லை, கீழ்நோக்கி அளக்கிறார்கள். ஏறத்தாழ 200 மீட்டருக்குக் கீழே, செடிகொடிக்குப் போதுமான வெளிச்சம் எட்டாத நீரில் வாழ்வதுதான் அவர்களுக்கு ஆழ்கடல் மீன்.

அதற்குள்ளும் அடுக்குகள் உண்டு. 200 முதல் 1,000 மீட்டர் வரை அந்திப் பொழுதுபோல் மங்கிய நீலம். அதை மீசோபெலாஜிக் என்பார்கள். 1,000 முதல் 4,000 வரை சூரியனே எட்டாத இருள், அது பாத்திபெலாஜிக். அதற்குக் கீழே அபிசல். 6,000 மீட்டருக்கும் கீழே கடலடிப் பள்ளங்களில் இருப்பது ஹேடல். ஒரு மீனின் பெயருக்கு முன்னால் இவற்றில் ஒன்றைச் சேர்த்துச் சொன்னால் போதும், அது எவ்வளவு வெளிச்சத்தில், எவ்வளவு குளிரில், எவ்வளவு நீரின் பாரத்தைத் தாங்கி வாழ்கிறது என்று தெரிந்துவிடும்.

இந்தச் சொல்லில் எனக்கு மிகவும் பிடித்தது, அது பிறப்பைக் கேட்பதில்லை என்பது. ஆழ்கடல் மீன் என்று ஒரு குலம் கிடையாது. உடலில் ஒளிப்புள்ளிகள் கொண்ட விளக்கு மீன், தலையில் தூண்டிலைத் தாங்கிய தூண்டில் மீன், செதிலில்லாத நத்தை மீன், இருளில் வாழும் சுறாக்கள் எல்லாம் வேறு வேறு வம்சங்கள். வேறு வேறு காலங்களில் கீழே இறங்கிப் போனவை. யாருக்குப் பிறந்தாய் என்று கேட்காமல், எங்கே வாழ்கிறாய், எதைத் தாங்குகிறாய் என்று கேட்டு வைத்த பெயர் இது.

எங்கள் ஊர்க்காரர்களுக்கு இதன் அருமை சட்டென்று விளங்கும். கொள்ளேகால் தாலூகா முழுவதும் ஒரு காலத்தில் சென்னை மாகாணத்தின் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. 1956 நவம்பர் 1 அன்று மைசூர் மாநிலத்தோடு சேர்ந்தது. 1997-இல் மைசூரிலிருந்து சாமராஜநகர் தனி மாவட்டமானது. அதற்கும் பிறகு ஹனூர் தனித் தாலூகா ஆயிற்று. வீடு இருந்த இடத்திலேயே இருக்க, மாநிலமும் மாவட்டமும் தாலூகாவும் மாறின. தமிழ் பேசுவோர், கன்னடம் பேசுவோர், மலையில் சோலிகர் பழங்குடியினர் என்று எல்லோருக்கும் மழையும் ஒன்றுதான், வறட்சியும் ஒன்றுதான். இருந்தும் முன்பின் தெரியாத ஒருவரைப் பார்த்தவுடன் நம் வாய் முதலில் எந்த மொழி, எந்த ஜாதி என்றுதான் கேட்கிறது. அந்தக் கேள்விக்கு விடை கிடைத்தாலும் அவர் என்ன தாங்குகிறார் என்பது நமக்குத் தெரியப் போவதில்லை.

எட்டிப் பார்க்காமலே தீர்ப்பு எழுதும் பழக்கம் அறிவாளிகளையும் விட்டதில்லை. எட்வர்ட் ஃபோர்ப்ஸ் என்ற பிரிட்டிஷ் இயற்கையியலர் 1841-இல் ஏஜியன் கடலில் வெவ்வேறு ஆழங்களில் அடித்தளத்தை வாரிப் பார்த்தார். கீழே போகப் போக உயிர்கள் குறைந்தன. அதை வைத்து, 300 பாகத்துக்கு, அதாவது சுமார் 550 மீட்டருக்குக் கீழே உயிரே இருக்காது என்று முடிவு கட்டினார். அந்தக் கருத்து சில பத்தாண்டுகள் செல்லுபடியாயிற்று. 1872 முதல் 1876 வரை உலகைச் சுற்றிய சேலஞ்சர் கப்பல் அதைவிடப் பல மடங்கு ஆழத்திலிருந்து உயிர்களை அள்ளிக்கொண்டு வந்தபோது அது முற்றிலும் தகர்ந்தது. நம் பக்கத்தில் இன்வெஸ்டிகேட்டர் என்ற ஆய்வுக் கப்பலில் மருத்துவராகவும் இயற்கையியலராகவும் 1888-இல் சேர்ந்த ஆல்ஃபிரட் ஆல்காக், வங்காள விரிகுடாவிலும் அரபிக் கடலிலும் வாரியெடுத்த மீன்களை ஒவ்வொன்றாக விவரித்தார். கல்கத்தா இந்திய அருங்காட்சியகத்தில் உள்ள இந்திய ஆழ்கடல் மீன்களுக்கென்றே 1899-இல் ஒரு பட்டியல் நூல் வெளியிட்டார். யாருமில்லை என்று எழுதி வைத்த இடத்தில் ஒரு நூல் நிறைய ஆட்கள் இருந்தார்கள்!

இன்னொரு செய்தியும் உண்டு. இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கக் கடற்படையினர் ஒலியை அனுப்பிக் கடலுக்கு அடியில் துழாவினார்கள். சில நூறு மீட்டரிலேயே தரை தட்டியதுபோல் எதிரொலி வந்தது. அங்கே தரை இல்லை என்று வரைபடம் சொன்னது. அதோடு அந்தத் ‘தரை’ இரவில் மேலே ஏறி, விடியும்போது கீழே இறங்கியது. பிறகுதான் புரிந்தது, ஒலியைத் திருப்பி அனுப்பியவை உயிர்க்கூட்டங்கள். விளக்கு மீன் போன்ற சிறு மீன்களும் இறால் வகைகளும் இருளின் பாதுகாப்பில் இரை தேடி இரவில் மேலேறி, பகலில் மறுபடி ஆழத்துக்குப் போகின்றன. நம் அரபிக் கடலிலும் விளக்கு மீன்கள் ஏராளம். நாள்தோறும் அத்தனை பெரிய உழைப்பு நடந்துகொண்டிருக்க, மேலே இருந்தவர்கள் அதைத் தரை என்று நினைத்தார்கள். விடியுமுன் எழுந்து வேலைக்குப் போய் இருட்டிய பின் திரும்புகிறவர்களின் உழைப்பையும் நாம் இப்படித்தான் கணக்கில் சேர்க்காமல் விட்டுவிடுகிறோம்.

இப்போது பாரத்தைப் பற்றிச் சொல்கிறேன். கடலில் ஒவ்வொரு 10 மீட்டர் இறங்கும்போதும் ஒரு வளிமண்டல அழுத்தம் கூடும். மனிதரை 6,000 மீட்டர் ஆழத்துக்கு அனுப்ப, சென்னையில் உள்ள தேசிய கடல்சார் தொழில்நுட்ப நிறுவனம் ‘மத்ஸ்யா 6000’ என்ற நீர்மூழ்கி வாகனத்தை உருவாக்கி வருகிறது. மூன்று பேர் உட்காரும் அதன் கோளத்துக்கு 80 மில்லிமீட்டர் தடிமனில் டைட்டேனியச் சுவர். ஆனால் 2022-இல் ஜப்பானுக்குத் தெற்கே இஸு-ஒகசவாரா பள்ளத்தில், 8,336 மீட்டர் ஆழத்தில், ஒரு நத்தை மீன் நிதானமாக நீந்துவதைக் கேமரா பதிவு செய்தது. அங்கே ஒவ்வொரு சதுர சென்டிமீட்டர் மீதும் 800 கிலோவுக்கு மேல் பாரம். அந்த மீனுக்கு ஓடு இல்லை, செதிலும் இல்லை. தொட்டால் குழையும் உடல்.

எப்படித் தாங்குகிறது? நசுங்குவதற்கு அதன் உடலில் காற்றறை இல்லை. உள்ளே இருக்கும் நீரும் வெளியே இருக்கும் நீரும் ஒரே அழுத்தத்தில் இருக்கின்றன. அதோடு, அழுத்தத்தில் புரதங்கள் உருக்குலையாமல் காக்கும் ட்ரைமெத்திலமைன் ஆக்சைடு என்ற பொருள் அதன் திசுக்களில் நிறைந்திருக்கிறது. மேல்நீர் மீன்களிலும் இது உண்டு, ஆழம் கூடக் கூட அளவும் கூடும். மீன் கெடும்போது எழும் வாடை இந்தப் பொருள் சிதைவதால் வருவதுதான். நாம் மூக்கைப் பொத்திக்கொள்ளும் வாடைக்குப் பின்னால், கடலின் பாரத்தைத் தாங்க உதவிய பொருள் இருக்கிறது. இதுவும் எல்லையில்லாமல் கூட முடியாது. அதனால் சுமார் 8,200 முதல் 8,400 மீட்டருக்குக் கீழே மீன் வாழ இயலாது என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். தாங்கும் திறனுக்கும் ஒரு வரம்பு உண்டு என்பதை இதோடு சேர்த்தே நினைவில் வைக்க வேண்டும்.

ஆழத்து உயிரை மேலே இழுத்துப் போட்டால் என்ன ஆகும் என்பதற்கு ‘பிளாப் ஃபிஷ்’ என்ற மீனின் கதை போதும். ஆஸ்திரேலியா, நியூசிலாந்து பக்கத்தில், சுமார் ஆயிரம் மீட்டர் ஆழத்தில் வாழ்வது. 2003-இல் ஓர் ஆய்வுக் கப்பலின் தளத்தில் எடுத்த படத்தில் அது முகம் தொங்கி, மூக்கு வழிந்து, பிசைந்து போட்ட மாவு மாதிரிக் கிடந்தது. அந்தப் படம் உலகம் சுற்றியது. 2013-இல் பொதுமக்கள் வாக்களித்து அதை உலகின் மிக அவலட்சணமான விலங்கு என்றார்கள். அதன் சொந்த ஆழத்தில் பார்த்தால் அது மற்ற மீன்களைப்போல் தலையும் வாலும் சரியாக அமைந்த மீன். வலிய தசையும் காற்றுப்பையும் இல்லாமல், நீரைவிடச் சற்றே இலேசான கூழுடலால் அலுப்பின்றி மிதக்கும். சுற்றியிருந்த நீர் விலகியதும் உடல் குலைந்தது. அந்த அவலட்சணம் அந்த மீனுடையது இல்லை, இழுத்துப் போட்டதால் வந்தது. 2025-இல் நியூசிலாந்து மக்கள் அதே மீனை அவ்வாண்டின் சிறந்த மீனாகத் தேர்ந்தெடுத்தார்கள் என்று படித்தபோது மனம் நிறைந்தது.

தவறான அளவுகோல் கேலியோடு நிற்பதில்லை, உயிரையும் வாங்கும். ஆரஞ்சு ரஃபி என்ற ஆழ்கடல் மீனை 1970-களின் இறுதியிலிருந்து நியூசிலாந்து அருகே டன் கணக்கில் பிடித்தார்கள். மேல்நீர் மீன்போல் சீக்கிரம் பெருகிவிடும் என்று நம்பினார்கள். அது முதிர்ந்து முட்டையிடவே ஏறத்தாழ 30 ஆண்டு எடுக்கும், நூறு வயதைத் தாண்டி வாழும் என்று தெரிய வருவதற்குள் பல இடங்களில் கூட்டங்கள் வெகுவாகச் சரிந்துவிட்டன. மனிதர் விஷயத்திலும் இதுதான். 2017 நவம்பர் 30 அன்று ஒக்கிப் புயல் அடித்தபோது தூத்தூர் பக்கத்து உறவினர்கள் என்ன கேட்டார்கள்? எங்கள் ஆட்கள் கரையோரத்தில் இல்லை, வெகு தொலைவில் போய்த் தேடுங்கள், வழி காட்ட எங்களில் சிலரையும் கப்பலில் ஏற்றிக்கொள்ளுங்கள் என்று கதறினார்கள். ஒருவர் எங்கே வாழ்கிறார், எங்கே உழைக்கிறார் என்று அறியாமல் அவரைக் காப்பாற்றக்கூட முடியாது.

என் நண்பர் ஒருவர் ஆயுள் முழுக்கப் பட்டுப்புழு வளர்த்தவர். புழுக்கள் இலை தின்னும் சத்தத்தைக் கேட்டே அவற்றின் பருவத்தைச் சொல்வார். எந்த நேரத்தில் கூடு கட்டும் தட்டான சந்திரிகையில் விட வேண்டும் என்பதில் அவர் வார்த்தைக்கு ஊரே கட்டுப்படும். மனைவி இறந்த பிறகு மகன் அவரைப் பெங்களூருக்கு அழைத்துப் போனான். அன்பான பிள்ளை. அடுக்குமாடி வீட்டில் லிஃப்ட் பொத்தான், கதவின் எண் பூட்டு, செல்போனில் பணம் அனுப்புவது எல்லாவற்றிலும் அவர் தடுமாறினார். பேச்சுக் குறைந்தது. அப்பாவுக்கு மூளை மந்தமாகிவிட்டது என்று வீட்டில் பேசிக்கொண்டார்கள். நான் போய்ப் பார்த்தபோது புழு வளர்ப்பைப் பற்றி இரண்டு மணி நேரம் தடையில்லாமல் பேசினார். மகனும் உட்கார்ந்து கேட்டான். மந்தம் அவரிடம் இல்லை என்பது அன்று அவனுக்கே தெரிந்தது. முதுமையில் உண்மையான நோயும் வரும், அதற்கு மருத்துவம் வேண்டும். இடம் மாற்றுவதும் சில நேரம் தவிர்க்க முடியாது. ஆனால் அழைத்துப் போகிறவர்கள், அவர் இதுவரை எந்த ஆழத்தில் வாழ்ந்தவர் என்று தெரிந்துகொண்டு அழைத்துப் போக வேண்டும்.

ஒரு எச்சரிக்கையும் சொல்லியாக வேண்டும். மீன் தாங்குகிறதே, மனிதனும் தாங்குவான் என்று யாரும் முடிவு கட்டிவிடக் கூடாது. மீனின் உடல் எண்ணற்ற தலைமுறைகளில் அந்தப் பாரத்துக்கென்றே வார்க்கப்பட்டது. எங்கள் மாவட்டத்துக் கருங்கல் குவாரியில் தூசியை விழுங்கும் தொழிலாளியின் நுரையீரல் தூசிக்கென்று வார்க்கப்படவில்லை. “அவங்களுக்கெல்லாம் பழகிப்போச்சு” என்று சொல்லி நகர்ந்துவிடுகிறோமே, அது அறிவும் இல்லை, கருணையும் இல்லை. ஒருவர் என்ன தாங்குகிறார் என்று கேட்பது வியந்து பாராட்ட மட்டும் என்று எண்ணாதீர்கள். இறக்கி வைக்க வேண்டிய பாரம் எது என்று அறியவும்தான் கேட்க வேண்டும்.

ஆழம் தெரியாமல் காலை விடாதே என்று நம் பெரியவர்கள் சொன்னது நம்மைக் காத்துக்கொள்ள. ஆழம் தெரியாமல் ஒருவரைப் பற்றி நாவை விடாதே என்பதையும் அதோடு சேர்த்துச் சொல்ல விரும்புகிறேன். வகுப்பில் பேசாத பிள்ளை, வங்கியில் படிவத்தைப் புரட்டிப் புரட்டிப் பார்க்கும் அம்மா, வெளியூரிலிருந்து பிழைக்க வந்த இளைஞன், மகன் வீட்டில் வந்து தங்கியிருக்கும் பெரியவர் என்று யாரைப் பார்த்தாலும், எந்த ஊர், என்ன வேலை, எவ்வளவு பாரம் என்று அன்போடு கேளுங்கள். நேரம் இருந்தால் அவர்கள் வாழும் இடத்துக்கே ஒருமுறை போய்ப் பாருங்கள். அதன் பிறகு அவர்களைப் பற்றி நீங்கள் சொல்வது எதுவாக இருந்தாலும், அதில் நியாயம் இருக்கும்.