ஓசூர் தந்த மல்பெரிக் குச்சி

என் கணவருக்கு ஓசூர் சிப்காட்டுக்கு மாற்றலானபோது, "பெங்களூர் நாற்பதே கிலோமீட்டர், வெயிலே தெரியாது" என்று எல்லோரும் ஆசை காட்டினார்கள். வந்து பார்த்தால் வாசலில் லாரிச் சத்தமும் ஷிப்டு பஸ்ஸும்தான். ஆனால் தேன்கனிக்கோட்டை சாலையில் அரை மணி நேரம் பஸ்ஸில் போனால் ஊரே மாறிவிடுகிறது. ராகிக் கொல்லை, ரோஜாத் தோட்டம், நடுவே புதர் புதராக மல்பெரி. கம்பளிச் செடி, முசுக்கொட்டை என்றும் சொல்வார்கள். கன்னடத்தில் 'ஹிப்பு நேரளெ'. நேரளெ என்றால் நாவல்.

என் ஆறு வயதுப் பெண் அப்போது வெளிறிப்போயிருந்தாள். ரத்தப் பரிசோதனையில் ஹீமோகுளோபின் 9. டாக்டர் இரும்புச்சத்து சிரப்பும் பூச்சி மாத்திரையும் கொடுத்து, "ராகி, கீரையோடு பழமும் கொடுங்கள்" என்றார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பக்கத்து வீட்டுக் குழந்தைகளோடு அந்தப் பக்கம் போனோம். நான் பேச்சு சுவாரசியத்தில் இருக்க, குழந்தைகள் ஒரு மல்பெரித் தோட்டத்துக்குள் புகுந்துவிட்டார்கள். திரும்பிப் பார்த்தால் எல்லோருக்கும் வாயெல்லாம் ஊதா! பின்னாலேயே தோட்டக்கார அம்மாள் ஓடி வந்தாள்.

"ஏம்மா, பழம் போனா போவுது. கொப்பை ஒடிச்சுட்டாங்களே! புழு கடைசிப் பருவத்துல நிக்குது, இலைக்கு நான் எங்க போவேன்? அந்தப் பக்கத்துப் பாத்திக்கு நேத்துதான் மருந்து அடிச்சோம். எந்தப் பாத்தியில தின்னுச்சுங்களோ!"

எனக்குக் கை கால் ஓடவில்லை. அவளே முன்னால் நடந்து, ஒடிந்த கொப்புகளைத் தேடிப் பார்த்தாள். எல்லாம் மருந்து அடிக்காத பாத்தியில். அப்புறம்தான் எனக்கு மூச்சு வந்தது.

"மன்னிச்சுக்கோங்க அக்கா" என்று பணம் நீட்டினேன். வாங்கவில்லை. புழு மனைக்குக் கூட்டிப்போய்க் காட்டினாள். தட்டு தட்டாகப் புழுக்கள் இலையைக் கடிக்கும் சத்தம் தூறல் போல் கேட்டது. சுமார் 25 நாள்தான் தின்னும் காலம். அதில் பெரும் பங்கைக் கடைசி ஒரு வாரத்தில் தின்று தீர்த்துவிடுமாம். இலைதான் அதற்குச் சோறு, பழம் தேவையில்லை. "பழத்துக்காக அலையாதே தாயி, குச்சி கொண்டு போ" என்று, கவாத்து செய்த கொப்புகளில் நாலைந்து கட்டிக் கொடுத்தாள்.

இதில் ஒரு சூட்சுமம் உண்டு. மல்பெரியில் ஆண் செடியும் உண்டு, அது காய்க்காது. அதனால் பழம் பார்த்த செடியிலிருந்தே குச்சி வாங்குங்கள். எத்தனையோ வகை இருக்கிறது! 1990 முதல் ஓசூரிலேயே இயங்கும் மத்திய பட்டு வாரியத்தின் மரபுவள மையத்தில் 1000-க்கும் மேற்பட்ட மல்பெரி வகைகளைக் காப்பாற்றி வருகிறார்கள்.

பென்சில் கனம், ஒரு சாண் நீளம், மூன்று நான்கு கணுக்கள் உள்ள முற்றிய குச்சியாக இருக்கட்டும். ஒரு கணு மட்டும் வெளியே தெரியும்படி சாய்த்து நட்டு, ஈரம் காயாமல் பாருங்கள். இரண்டு வாரத்தில் துளிர்க்கும். மூன்று மாதம் கழித்து வெயில் படும் இடத்துக்கோ பெரிய தொட்டிக்கோ மாற்றலாம். காய்த்து ஓய்ந்ததும் கவாத்து செய்தால், புதுத் துளிரிலே மறுபடி காய்க்கும்.

பழத்தில் இரும்புச்சத்து கொட்டிக் கிடக்கிறது என்று நினைக்க வேண்டாம். 100 கிராமில் 2 மில்லிகிராம்கூட இல்லை. ஆனால் வைட்டமின் சி சுமார் 36 மில்லிகிராம். ராகி, கீரையில் உள்ள இரும்பை உடம்பு ஏற்க அதுதான் கைகொடுக்கிறது. அதனால் ராகி அடையோடு பச்சையாகவே கொடுங்கள். சாப்பாட்டோடு டீ வேண்டாம். நன்கு கறுத்த பழமாக இருக்கட்டும். காய் வயிற்றைப் புரட்டும். நிறையக் காய்த்தால் அரைக் கிலோவுக்கு 300 கிராம் சர்க்கரை, அரை மூடி எலுமிச்சை சேர்த்து ஜாம் கிளறலாம். ஆனால் கொதிக்கும்போது வைட்டமின் சி குறைந்துபோகும்.

நாலு மாதத்தில் என் பெண்ணுக்கு ரத்தம் 12-ஐத் தொட்டது. சிரப்பை ஒரு நாளும் விடவில்லை. பழம் மட்டுமே காரணம் என்று சொல்லமாட்டேன்.

மறு வருஷம் எங்கள் வீட்டுச் செடி காய்த்தது. முதல் பழங்களை டப்பாவில் போட்டு அந்த அக்காவிடம் கொண்டுபோனோம். ஒன்றை வாயில் போட்டுக்கொண்டு அவள் என் பெண்ணைக் கேட்டாள்:

"கொப்பு ஒடிக்காமத்தானே பறிச்சே?"