பதினாறு வருஷம் காத்திருப்பீர்களா?

நிங்போவுக்குப் போனது மெஷின் பார்க்க. ஞாயிறு லீவு என்றதும், எனக்கு மொழிபெயர்க்க வந்த பையன், ‘‘சியாங்ஷான் போகலாம் ஸார், சினிமா ஊர்!’’ என்றான். நாலு பிளைவுட் தூண் இருக்கும் என்று நினைத்துக் கிளம்பினேன்.

பஸ்ஸை விட்டு இறங்கினால், அடேயப்பா! கோட்டை வாசல், கடைத்தெரு, மாளிகை எல்லாம் ஒரு ஊர் அளவுக்கு! 2006-ல் வந்த ‘தெய்வக் கழுகும் வீரத் தம்பதியும்’ சீரியலுக்காகக் கட்டியதாம்.

கதை ஜின் யோங்குடையது. 1959-ல் ஹாங்காங்கில் ‘மிங் பாவ்’ பத்திரிகையை ஆரம்பித்த மனுஷர், அதிலேயே தினம் கொஞ்சமாக எழுதிய தொடர்கதை. யாங் குவோ என்கிற அநாதைப் பையன், கல்லறைக்குள் வசிக்கும் ஷியாலோங்நுவிடம் குங்ஃபூ கற்கிறான். அவள் குரு, வயசிலும் மூத்தவள். காதல் வந்து தொலைக்கிறது. குருவைக் கட்டிக்கிறதாவது! பதிமூன்றாம் நூற்றாண்டு ஊர் சும்மா விடுமா? நடுவே பையனுக்கு வலது கையும் போகிறது. கடைசியில் அவள், பதினாறு வருஷம் கழித்துச் சந்திக்கலாம் என்று பாறையில் எழுதிவிட்டுப் பள்ளத்தில் குதித்து விடுகிறாள். அவன் காத்திருக்கிறான். (எலெக்ட்ரிக் ட்ரெயின் பத்து நிமிஷம் லேட்டானால் நாம் போடுகிற கூச்சல் என்ன!)

இதே யாங் குவோ கல்லெறிந்து மங்கோலியச் சக்கரவர்த்தி மோங்கேயையும் கொல்கிறான். நிஜத்தில் அவர் 1259-ல் வேறொரு கோட்டையை முற்றுகையிட்டபோது இறந்தவர். கதைக்கு ஏது கணக்கு?

2006-ல் லியூ யிஃபெய் உடுத்திய மாதிரி வெள்ளை உடையில் பெண்கள் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். பையன் திடீரென்று உம்மென்று ஆகிவிட்டான்.

‘‘என்னப்பா?’’

‘‘ஆபீஸிலே எனக்கு வேலை கத்துக்கொடுத்தவங்க ஸார்... ஆறு வயசு பெரியவங்க. அம்மா கூடவே கூடாதுங்கறாங்க. நாளைக்கு ஷாங்காய்க்கு மாற்றலாகிப் போறாங்க.’’

‘‘அவங்ககிட்டே சொல்லிட்டியா?’’

‘‘இன்னும் இல்லே. அப்புறம் சொல்லிக்கலாம்னு...’’

எனக்குச் சுரீரென்றது. நானும் ‘அப்புறம் சொல்லிக்கலாம்’ ஆசாமிதான். அவளுடைய கல்யாணப் பத்திரிகை தபாலில் வந்தது. மஞ்சள் தடவி.

‘‘அடுத்த பஸ் எப்போ?’’ என்றேன்.

‘‘இன்னும் கழுகு சிலை பார்க்கலையே ஸார்!’’

‘‘கழுகு கிடக்கட்டும். கிளம்பு!’’

நிங்போ வந்ததும், எங்கேயோ ஒரு ஸ்டாப்பில் குதித்து ஓடியே போய்விட்டான். சீன பாஷையில் ஒரு எழுத்துத் தெரியாத நான், ஹோட்டலின் சாவி அட்டையைக் காட்டிக் காட்டி, ஒன்றரை மணி நேரம் தெருத் தெருவாக அலைந்தேன்.

மறுநாள் மெஷின் பார்க்க என்னைக் கூட்டிப் போக வேறொரு பையன் வந்தான். ‘‘அவர் அவசரமா ஷாங்காய் போயிருக்கார் ஸார்!’’