சிவப்புக் கோடும் நீலச் சட்டையும்



பள்ளி விடுமுறையில் பழைய ஆங்கிலப் படமொன்றைப் பார்க்க வாய்த்தது. 'தி நைட் ஆஃப் தி ஜெனரல்ஸ்' என்பது அதன் பெயர். 1967-இல் வெளிவந்தது. அனத்தோல் லித்வாக் இயக்கம். ஜெர்மானிய இராணுவத்தில் பணியாற்றிய ஹான்ஸ் ஹெல்முட் கிர்ஸ்ட் 1962-இல் எழுதிய நாவலே இதற்கு மூலம். 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வில் இணைந்து நடித்த பீட்டர் ஓ'டூலும் ஓமர் ஷெரீப்பும் இதில் எதிரெதிர் நிற்கிறார்கள். கதை முழுவதையும் இங்கே சொல்லத்தான் போகிறேன். முடிவு தெரியாமல் பார்க்க விரும்புவோர் இப்போதே விடைபெற்றுக்கொள்ளலாம்.

1942, வார்சா நகரம். போலந்து ஜெர்மானியரின் ஆட்சியில் இருக்கிறது. ஓர் அடுக்ககத்தில் விலைமகள் ஒருத்தி கொடூரமாகக் கொல்லப்படுகிறாள். அவ்வீட்டில் குடியிருக்கும் ஒருவர் அச்சத்தால் கழிவறைக்குள் ஒளிந்துகொள்கிறார். கதவின் இடுக்கு வழியாகக் கொலையாளியின் கால்களை மட்டுமே அவரால் காண முடிகிறது. காற்சட்டையின் பக்கவாட்டில் ஒரு சிவப்புக் கோடு. ஜெர்மானியப் படையில் அந்தக் கோடு தளபதிகளுக்கு உரியது. சாட்சி நடுங்கி நடுங்கித்தான் அதைச் சொல்கிறார். கேட்டுக்கொண்டிருக்கும் அதிகாரிகளுக்கும் உள்ளூர நடுக்கம்தான்.

இறந்தவள் ஜெர்மானியருக்கு உளவு சொன்னவளும் ஆவாள். ஆகையால் விசாரணை இராணுவ உளவுத்துறையைச் சேர்ந்த மேஜர் கிராவிடம் வருகிறது. அன்றிரவு எங்கிருந்தார்கள் என்று சொல்ல இயலாத தளபதிகள் மூவர். ஒருவர் மனைவி அறியாமல் வேறு பெண்களை நாடுபவர். இன்னொருவர் ஹிட்லருக்கு எதிரான சதியில் இரகசியமாகச் சேர்ந்திருப்பவர். மூன்றாமவர் தளபதி டான்ஸ், ஹிட்லரின் அன்புக்குரியவர். மூவருக்கும் மறைக்க ஏதோ இருக்கிறது. கொலை செய்தவர் ஒருவரே.

இவ்விடத்தில் படம் கேட்கும் கேள்வி எளிமையானது. பீரங்கிகளால் ஒரு குடியிருப்புப் பகுதியையே தரைமட்டமாக்கும் டான்ஸுக்குப் பாராட்டு கிடைக்கிறது. அப்படியிருக்க, ஒரு பெண்ணின் சாவுக்காகத் தளபதிகளைத் துளைத்தெடுப்பானேன்? கிராவ் அந்தக் கேள்விக்கு அசைவதில்லை. ஊரே எரிந்தாலும் இந்த ஒரு கொலைக்கு ஒருவர் பதில் சொல்லியாக வேண்டும் என்பது அவர் நிலை. மேலிடம் அவரைத் தண்டிக்கவில்லை. பதவி உயர்வு கொடுத்துப் பாரிசுக்கு மாற்றிவிடுகிறது! கோப்பு தானே மூடிக்கொள்கிறது. நிர்வாகத்தில் இருப்பவர்களுக்கு இந்த உத்தியைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை.

உண்மையைச் சொன்னால், இது துப்பறியும் கதையாக அவ்வளவு சிறப்பானதன்று. கொலையாளி யார் என்பது பாதியிலேயே தெரிந்துவிடும். இரண்டரை மணி நேரம் நீளும் படத்தில் சில இடங்கள் தொய்கின்றன. 1965-இல் நடக்கும் காட்சிகள் அவ்வப்போது குறுக்கிட்டுக் கதையோட்டத்தைத் தடுக்கின்றன. ஆயினும் பாரிசு நகரக் காட்சிகளுக்காகவே படத்தைப் பார்க்கலாம்.

1944 ஜூலை. மூன்று தளபதிகளும் அங்கே மீண்டும் கூடுகிறார்கள். கட்டாய ஓய்வில் இருக்கும் டான்ஸுக்கு வாகனமோட்டியாக ஹார்ட்மன் என்ற கார்ப்பரல் அமர்த்தப்படுகிறான். டான்ஸ் அவனுடைய தூய்மையை அங்குலம் அங்குலமாகச் சோதிக்கிறார். அழுக்கின் நிழல்கூட அவருக்கு ஆகாது. அதே மனிதர் வான்கோவின் தன்னுருவ ஓவியத்தின் முன் நின்று உடல் வெடவெடத்து வியர்க்கிறார். ஓ'டூலின் நடிப்பு இவ்விடத்தில் அச்சமூட்டுகிறது. பின்னர் இன்னொரு பெண்ணைக் கொன்று, பழியை ஹார்ட்மன் மீது சுமத்துகிறார். ஓடிப்போவதற்கு அவனுக்கு ஒரு வாய்ப்பும் தருகிறார். அவன் ஓடுகிறான். ஓடியவனே குற்றவாளி என்று ஊர் எளிதில் நம்பிவிடும் அல்லவா?

1944 ஜூலை 20-ஆம் நாள் ஹிட்லரைக் கொல்ல ஸ்டாஃபன்பெர்க் குண்டு வைத்தது வரலாறு. அன்று பாரிசில் எஸ்.எஸ். படையினர் பலர் கைது செய்யப்பட்டதும் வரலாறே. அந்தக் குழப்பத்தின் நடுவே கிராவ் தனியாளாக டான்ஸைக் கைது செய்யச் செல்கிறார். ஹிட்லர் பிழைத்துக்கொண்டார் என்ற செய்தி வந்துவிடுகிறது. டான்ஸ் கிராவைச் சுட்டு வீழ்த்திவிட்டு, அவரும் சதிகாரர்களுள் ஒருவர் என்று அறிவித்துவிடுகிறார். அந்த நாளில் அதற்கு மேல் விளக்கம் கேட்பார் இல்லை. 1965-இல், கிராவுக்குக் கடன்பட்ட மோரான் என்ற பிரெஞ்சுக் காவல் அதிகாரிதான் அந்தக் கோப்பை மீண்டும் திறக்கிறார். ஹார்ட்மனைத் தேடிப் பிடித்து டான்ஸின் முன் கொண்டுவந்து நிறுத்துகிறார். டான்ஸ் தம்மைத் தாமே சுட்டுக்கொள்கிறார்.

படம் முடிந்த பின்னும் எனக்கு உறக்கம் வரவில்லை. அதற்குக் காரணம் டான்ஸ் அல்லர்.

2004-ஆம் ஆண்டு நான் வேறொரு பள்ளியில் கட்டொழுங்கு ஆசிரியராக இருந்தேன். கல்விச் சுற்றுலாவுக்காக மாணவர்களிடம் திரட்டிய நூற்று எண்பது ரிங்கிட், ஐந்தாம் ஆண்டு வகுப்பாசிரியையின் மேசை இழுப்பறையிலிருந்து காணாமற்போயிற்று. அன்று மாலை வகுப்பறையைக் கூட்டும் முறை ஒரு தோட்டத்துப் பையனுடையது. எல்லாரும் அவனையே பார்த்தார்கள். அவன் எதுவும் பேசவில்லை. குனிந்த தலை நிமிரவில்லை.

மறுநாள் இரண்டாம் ஆண்டுச் சிறுமி ஒருத்தி என் அறைக்கு வந்தாள். சன்னல் கண்ணாடிகளின் இடைவெளி வழியாக, மேசையருகே ஓர் அண்ணன் நின்றதைப் பார்த்தாளாம். முகம் தெரியவில்லையாம். முதுகு மட்டுந்தான்.

"நீலச் சட்டை போட்டிருந்தாங்க ஐயா," என்றாள்.

எங்கள் பள்ளியில் மாணவத் தலைவர்களுக்குத்தான் நீலச் சட்டை. தோட்டத்துப் பையனுடையதோ பழுப்பேறிய வெள்ளைச் சட்டை. அன்று மாலை பள்ளியில் இருந்த மாணவத் தலைவர்கள் நால்வர். அவர்களுள் ஒருவன் அடுத்த ஆண்டு யு.பி.எஸ்.ஆர். தேர்வில் எல்லாப் பாடங்களிலும் 'ஏ' பெறுவான் என்று பள்ளியே எதிர்பார்த்திருந்தவன். இன்னொருவனின் தந்தை பெற்றோர் ஆசிரியர் சங்கத்தில் பொறுப்பில் இருந்தவர்.

நான் நால்வரையும் அழைத்து விசாரித்திருக்க வேண்டும். ஒரு நாள் தள்ளிப்போட்டேன். அதற்குள் மேலிருந்து ஒரு சொல் வந்தது. சிறு பிள்ளையின் பேச்சை நம்பி நல்ல பிள்ளைகளின் பெயரைக் கெடுக்க வேண்டாம் என்றார்கள். ஆசிரியர்கள் பணம் போட்டுத் தொகையை ஈடுகட்டினோம். நானும் இருபது ரிங்கிட் கொடுத்தேன். கொடுத்தபோது பெருந்தன்மையாகத்தான் தோன்றியது.

அந்த நால்வருள் எவனாவது எடுத்தானா என்பது எனக்கு இன்றளவும் தெரியாது. நால்வருமே குற்றமற்றவர்களாக இருந்திருக்கலாம். கேட்டிருந்தால் தெரிந்திருக்கும். தோட்டத்துப் பையனைப் பிள்ளைகள் என்ன பெயரிட்டு அழைத்தார்கள் என்பது மட்டும் எனக்குத் தெரியும். எழுத மனம் வரவில்லை. ஆண்டிறுதியில் அவன் வேறு பள்ளிக்கு மாறிப் போனான். மாற்றுப் படிவத்தை வாங்க வந்த அவனுடைய தாயார் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. கும்பிட்டுவிட்டுப் போனார்.

அந்நாளில் வாரந்தோறும் சபைகூடலில் நகங்களையும் காலணிகளையும் சோதித்தவன் நான். சோதனையில் நான் காட்டிய கண்டிப்பை ஆய்வுக்கு வந்த அதிகாரிகளும் பாராட்டியதுண்டு.

படத்தில் அந்தச் சாட்சி, நடுங்கினாலும் கண்டதைச் சொல்லிவிடுகிறார். என் சாட்சி நடுங்கவே இல்லை. ஒரு வாரம் கழித்துச் சிற்றுண்டிச்சாலை வாசலில் என்னை மறித்து நின்றாள். கையில் பாதி கடித்த ரொட்டி.

"ஐயா, அந்த அண்ணனக் கண்டுபிடிச்சிட்டீங்களா?"

"மணியடிச்சாச்சு. வகுப்புக்குப் போம்மா," என்றேன்.

மணி அடிக்க இன்னும் ஐந்து நிமிடம் இருந்தது.