எதிர்ப்பாட்டு

ஒரு பொருளைக் கையிலெடுத்தால் அதன் விலையை வினவுகிறோம். அதற்குள் எத்தனை நாள் அடங்கியிருக்கின்றது என்று வினவுவாரில்லை. ஒருவர் நேற்றுச் செலவிட்ட பகற்பொழுதே இன்று துணியாகவும் பாயாகவும் ரப்பர்த் தகடாகவும் நம்முன் கிடக்கின்றது. இவ்வாறு காலத்தைப் பொருளுக்குள் நெய்யும் வேலையைப் பாட்டைக் கொண்டே நடத்திய தொழிலாளர் கூட்டம் ஒன்று உண்டு. காஷ்மீரத்து நெசவாளரே அவர். உலு திராமில் தோட்டக் கணக்கெழுதும் நமக்கு, அவர்தம் தொழில்முறை சிலகாலமாகச் சிந்தையை விட்டு அகலவில்லை.

அங்கே நெசவாளி சித்திரத்தைப் பார்த்து நெய்வதில்லை. ஓவியன் வரைந்து தந்ததை, நிறமறிந்த ஆசான் ஒருவன் அடியிலிருந்து தொடங்கி, இன்ன நிறத்தில் இத்தனை இழை என்று சொல்லிக்கொண்டே போவான். மற்றொருவன் அதைக் குறியீடுகளாகத் தாளில் எழுதுவான். அவ்வெழுத்துக்குத் 'தாலிம்' என்று பெயர். 1822, 1823ஆம் ஆண்டுகளில் அந்நாட்டில் தங்கிய வில்லியம் மூர்கிராப்ட் என்னும் ஆங்கிலேயர் இதனைக் கண்டு எழுதிவைத்தார். கம்பளத் தறியிலோ இம்முறை பாட்டாகவே மலர்ந்தது. ஒருவர் தாலிமை இராகம்போல் இழுத்துப் படிப்பார். வரிசையாக அமர்ந்தவர்கள் முடிச்சைப் போட்டுப் பதில் குரல் கொடுப்பார்கள். பதில் வந்த பின்னரே அடுத்த சொல் பிறக்கும். மாதக்கணக்கில், சிலவேளை ஆண்டுக்கணக்கில் இப்பாட்டு நடந்தால் ஒரு கம்பளம் முடியும்.

நம் முன்னோரும் பாட்டால் எண்ணத் தெரிந்தவர்களே. துலாவின்மேல் ஒருவன் ஏறியிறங்க, கீழே சால் பிடிப்பவன் பாடுவான். எத்தனை சால் இறைத்தோம் என்பதை அப்பாட்டே எண்ணிவைக்கும். 'ஏற்றப்பாட்டுக்கு எதிர்ப்பாட்டில்லை' என்று பெருமையாகப் பழமொழியும் கூறினர். ஆனால் களத்தில் நெல்லைப் பங்கிட்டபோது அந்த எண்ணிக்கையை யார் கேட்டார்?

தறிமுன் பதில் சொன்ன காஷ்மீரத்தார்க்கும் கூலிக் கணக்கில் பதில் சொல்ல உரிமையில்லை. சால்வை நெசவின்மீது அரசு கடுவரி சுமத்தியது. 1865 ஏப்ரல் 29 அன்று நெசவாளர் ஸ்ரீநகரில் ஊர்வலமாகத் திரண்டனர். மகாராஜாவின் படை அவர்கள்மேல் பாய்ந்தது. 28 பேர் மாண்டனர். 1870இல் பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் போர் மூண்டதும் சால்வைச் சந்தை சரிந்தது. 1877இல் தொடங்கிய பஞ்சம் எஞ்சியோரில் பலரை வாரிக்கொண்டது. அவர்கள் நெய்த சால்வைகள் இன்று அருங்காட்சியகங்களில் கண்ணாடிக்குள் பத்திரமாக இருக்கின்றன.

இக்கதை நமக்கு அயலானதன்று. நம் பாட்டியார் வேறொரு தோட்டத்தில் பால் வெட்டியவர், எழுத்தறியாதவர். விடியுமுன் சென்று மரத்துக்கு மரம் மெல்லிய பட்டை சீவுவார். பட்டை சீவச்சீவ வெட்டு கீழே இறங்கும்; அறிந்தவர் மரத்தைப் பார்த்தே எத்தனை மாத வேலை என்று சொல்லிவிடலாம். அவர் நாளுக்கொரு முடிச்சாகச் சணற்கயிற்றில் போட்டு, எண்ணைத் தமக்குள் பாடிக்கொள்வாராம். மாதக் கடைசியில் கயிறு இருபத்தாறு என்றும் புத்தகம் இருபத்தைந்து என்றும் கூறினால், வென்றது புத்தகமே. "எழுதினவரை எதிர்த்து என்ன பேசுவது, தம்பி?" என்பார். ஆங்கிலப் பள்ளியில் கற்று அப்புத்தகத்தின் மறுபக்கம் வந்து அமர்ந்திருக்கும் நமக்கு, அச்சொல் இன்னும் சுடுகின்றது.

இப்பக்கத்துப் பால்மரக் காடுகள் பல செம்பனையாகவும் வீட்டு மனைகளாகவும் மாறிவிட்டன. நாம் கணக்கெழுதும் குலை வெட்டுவோரில் பலர் இந்தோனேசியர், வங்காளதேசத்தார். மேடையில் குலைகள் எண்ணப்படும். பழுக்காதவற்றுக்குப் பிடித்தம் உண்டு. முன்பு கிராணியின் புத்தகம் பேசியது; இன்று கணிப்பொறி அச்சிட்ட சீட்டுப் பேசுகின்றது. கேட்பவர் ஊமையாய் நிற்பதுமட்டும் மாறவில்லை.

ஆகவே சில மாதங்களாக ஒரு வழக்கம் தொடங்கினோம். காலைப் பிரட்டில், முந்தின நாள் குலை எத்தனை, பிடித்தம் எத்தனை என்று பெயர் பெயராக மலாயில் உரக்கப் படிக்கிறோம். உரியவர் பதில் சொல்லவேண்டும். பத்து நிமிடம் வீணென்று மேலிடத்தார் முணுமுணுத்தனர். முதல் வாரம் எல்லோரும் எல்லாவற்றுக்கும் 'ஆம்' என்றே கூறினர். அச்சம் வேறென்ன சொல்லும்? எட்டாம் நாள் லொம்போக் தீவிலிருந்து வந்த இளைஞர் ஒருவர், தலை கவிழ்ந்தபடியே, 'திடாக்' என்றார். இல்லை என்பது பொருள். மேடையிலிருந்த குலைகளை அவர்முன்னே மறுபடி எண்ணச் செய்தோம். அவர் சொன்ன எண்ணே சரியாயிருந்தது, அதுவே எழுதப்பட்டது. மறுநாள் மூவர் வாய் திறந்தனர்.

இதனால் கூலி உயர்ந்துவிடவில்லை. சட்டம் செய்யவேண்டியது இன்னும் மலையளவு இருக்கின்றது. ஆயினும் தன் நாளைத் தானே எண்ணி, அந்த எண்ணுக்குத் தானே சான்று நிற்பவன் முன்போல் குனிவதில்லை. தோட்டந்தோறும் பேனா பிடித்திருக்கும் தோழர்களே, கணக்கை மூடிவைத்து எழுதாதீர்; வாய்விட்டுப் படியுங்கள். உழைப்பவர் பதில் சொல்லட்டும். அந்தப் பதில் வந்த பின்னரே அடுத்த பெயரைப் படியுங்கள்.