மூன்று வாக்கியக் கதைக்காரர்

செய்தியின் உயிர் முதல் வாக்கியத்திலேயே இருக்கவேண்டும் என்பது ஆசிரிய பீடத்துக்கு வரும் புதிய நிருபர்களுக்கு நாம் சொல்லிக்கொடுக்கும் பாடம். ஹங்கேரியப் பத்திரிகையாளரான மென்யேர்ட் லெங்யெல் அதை ஹொலிவூட்டில் விலைபேசியவர். சோகப் பாத்திரங்களுக்குப் பேர்போன கிரேட்டா கார்போவுக்கு நகைச்சுவைக் கதையொன்று தேடியபோது அவர் கொடுத்தது மூன்றே வாக்கியங்கள் என்பர். பொதுவுடைமையில் ஊறிய ரஷ்யப் பெண்ணொருத்தி பாரிஸுக்கு வந்து காதல் வயப்படுகிறாள். முதலாளித்துவமும் அவ்வளவு மோசமில்லை எனக் காண்கிறாள். அதுதான் 1939இல் வெளியான 'நினோச்கா'. திரைக்கதை எழுதிய மூவருள் ஒருவரான பில்லி வைல்டரும் முன்னாள் நிருபரே. 'கார்போ சிரிக்கிறார்' என்று விளம்பரம் செய்தார்கள். மூலக்கதைக்காக லெங்யெலின் பெயர் ஒஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டது, விருது கிடைக்கவில்லை.

1880இல் பல்மசூய்வாரோஷில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். இளமையில் பத்திரிகைப் பணி. 1909இல் 'டைஃபூன்' நாடகத்தால் நாடு கடந்த புகழ். முதலாம் உலகப் போரின்போது சுவிட்சர்லாந்திலிருந்து போருக்கெதிராக எழுதினார். அக்காலத்திலேயே 'அற்புத மாண்டரின்' என்ற கொடூரமான ஊமைக்கூத்தையும் எழுதினார். பெலா பார்ட்டோக் இசையமைத்த அப்படைப்பு 1926இல் கொலோன் நகரில் ஒரேயொரு தடவை மேடையேறியது. மறு காட்சிக்குத் தடை விதித்த நகர மேயர் கொன்ராட் அடினோர், பின்னாளில் மேற்கு ஜேர்மனியின் அதிபரானவர். 'நினோச்கா'வும் இதுவும் ஒருவரின் கற்பனையா என நான் வியந்ததுண்டு.

ஆயினும் என்னை அதிகம் உறுத்துவது எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் இயக்கி, 1942இல் வெளிவந்த 'டு பீ ஓர் நொட் டு பீ'. அதன் மூலக்கதையும் லெங்யெலுடையதே. வார்ஸோவில் ஹிட்லரைக் கேலிசெய்யும் நாடகத்துக்கு ஒத்திகை பார்த்த நடிகர்கள், ஜேர்மனியர் நகரைப் பிடித்தபின் அதே நாஸிச் சீருடைகளை அணிந்து கெஸ்டாபோவை ஏமாற்றுகிறார்கள். படம் வெளிவருமுன்னரே, அவ்வாண்டு ஜனவரியில், நாயகி கரோல் லொம்பார்ட் விமான விபத்தில் இறந்துபோனார். மக்கள் மாண்டுகொண்டிருக்கும் வார்ஸோவை வைத்துச் சிரிப்பதா என விமர்சகர்கள் சினந்தனர்.

போர்க்காலத்தில் இறந்தோர் தொகைகளைத் தலைப்புச் செய்தியாக்கிய எனக்கு அந்தச் சினம் அந்நியமானதல்ல. ஆயினும் படத்தைப் பார்த்தால், அது வார்ஸோவின் துயரத்தைப் பார்த்துச் சிரிக்கவில்லை. நடிகனின் தற்பெருமையைச் சீண்டுகிறது. அதே தற்பெருமை கெஸ்டாபோ அதிகாரியின் மேசையிலும் அமர்ந்திருப்பதைக் காட்டுகிறது. அதிகாரி முட்டாளாக இருப்பதால் அவன் ஆபத்தற்றவனாகிவிடுவதில்லை என்பதும் படத்தில் தெளிவு. லெங்யெலின் சொந்த நாடு 1938இலேயே யூதருக்கு எதிரான சட்டங்களை இயற்றத் தொடங்கியிருந்தது. தூரத்திலிருந்தவரின் விளையாட்டு என இந்தக் கதையைத் தள்ளிவிட என் மனம் ஒப்பவில்லை.

1960களில் அவர் இத்தாலியில் வாழ்ந்தார். 'நினோச்கா'வுக்குக் கதை கொடுத்தவர் இறுதியில் திரும்பியது பொதுவுடைமைக் கட்சி ஆண்டுகொண்டிருந்த புடாபெஸ்டுக்கு. 1974 ஒக்டோபரில், 94ஆவது வயதில், அங்கேயே காலமானார்.