நடிகையின் பேனா

சினிமா நடிகையைப் பற்றி நம் சங்க இதழில் எழுதுவதா என்று பெரியவர்கள் சிலர் முகம் சுளிக்கக்கூடும். அவர்கள் சற்றே பொறுத்தருள வேண்டும். ஸ்ரீமதி பானுமதி ராமகிருஷ்ணா அவர்களின் நடிப்பைக் காட்டிலும், அவர் எழுத்தைப் பற்றியே நான் இங்கு முக்கியமாகச் சொல்ல வந்தேன்.

1925-ஆம் ஆண்டு, ஒங்கோலுக்கு அருகே தொட்டவரம் என்னும் கிராமத்தில் அவர் பிறந்தார். சங்கீதப் பித்தரான தந்தையாரே அவருக்கு முதல் ஆசிரியர். 1939-இல் 'வரவிக்ரயம்' என்னும் தெலுங்குப் படத்தில் நடிக்க வந்தபோது அவர் அறியாச் சிறுமி. 1943-இல் படத்துறையைச் சேர்ந்த ராமகிருஷ்ணா அவர்களை மணந்தார். தம்பதிகள் தங்கள் மகன் பெயரால் 'பரணி பிக்சர்ஸ்' நிறுவினார்கள். 1953-இல் 'சண்டிராணி'யைத் தமிழ், தெலுங்கு, ஹிந்தி ஆகிய மூன்று பாஷைகளிலும் பானுமதியே டைரக்ட் செய்தார். 'மலைக்கள்ளன்' (1954), 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956), 'நாடோடி மன்னன்' (1958) முதலிய தமிழ்ப் படங்களை நம் வீட்டுப் பெரியவர்கள் இன்றும் மறக்கவில்லை. தம் பாட்டுக்களைத் தாமே பாடி நடித்தவர் அவர்.

இத்தனை அலுவல்களுக்கும் இடையே அவர் கதைகள் எழுதினார். 'அத்தகாரி கதலு', அதாவது மாமியார் கதைகள், தெலுங்கு வாசகரிடையே பெரும் பிரசித்தி பெற்றவை. ஆசாரம் மிக்க ஒரு மாமியார். அவரது பிடிவாதங்களை அருகிலிருந்து பார்த்துச் சொல்லும் மருமகள். ஆவக்காய் ஊறுகாய் போடுவதுகூட அங்கே ஒரு கதையாகிவிடும். வாசிப்பவர் சிரிப்பார், ஆனால் அந்த மாமியாரை வெறுக்க மாட்டார். ராஜகுமாரி வேஷம் போட்டவர் எழுத உட்கார்ந்தபோது, அரண்மனையை விட்டுச் சமையலறைக்கு வந்தார் என்பதே விசேஷம். பின்னாளில் எழுதிய சுயசரிதைக்குத் தேசிய விருதும் கிடைத்தது.

1953 அக்டோபரில் ஆந்திரம் தனி மாநிலமாயிற்று. சென்னை தமிழரிடமே நின்றது. பானுமதி சென்னையிலேயே தங்கினார்; 2005 டிசம்பரில் காலமானதும் அங்கேதான். தமிழில் நடித்தார், தமிழில் பாடினார். கதை எழுதும்போது மட்டும் தாய்மொழிக்கே திரும்பினார். அதே 1925-இல் சுவீடனில் பிறந்த மாய் செட்டர்லிங்கும் நடிகையாகத் தொடங்கி, இங்கிலாந்து சென்று நடித்து, பிற்பாடு படம் இயக்கியும் நாவல் எழுதியும் புகழ் பெற்றார். தேசங்கள் வேறாயினும், பிறர் எழுதித் தந்த வசனத்தைப் பேசுவதோடு இவ்விரு பெண்மணிகளும் நின்றுவிடவில்லை.

இதை ஸ்ரீவராகத்திலிருந்து நான் எழுதக் காரணம் உண்டு. 1956 நவம்பர் முதல் தேதி கன்னியாகுமரிப் பகுதி தமிழ்நாட்டோடு சேர்ந்தது. திருவனந்தபுரம் கேரளத்தில் நின்றது. எல்லைக் கோடு எங்கு விழுந்தாலும் பிழைப்பு இருக்குமிடத்தில்தான் குடும்பம் இருக்க முடியும். என் மகள் பள்ளியில் மலையாளத்தை முத்து முத்தாக எழுதுகிறாள்; அது எனக்குப் பெருமையே. ஆனால் ஊரிலிருந்து வரும் கல்யாணப் பத்திரிகையை நான் வாசித்துக் காட்ட வேண்டியிருக்கிறது. வீட்டில் பேசும் தமிழ் செவியோடு நின்றுவிடுகிறது, கைக்கு இறங்கவில்லை.

இந்தக் குறையை ரயில்வே குமாஸ்தாவின் சம்பளத்தால் தீர்க்க இயலாது; பள்ளிக்கூடத்தைக் குறை கூறியும் பயனில்லை. நம் வீட்டுப் பெண்மணிகளால் இயலும். வற்றல் போட்டதையும், மாமியாரோடு பிணங்கியதையும், வாடகை வீடு தேடி அலைந்ததையும் அவர்கள் எவ்வளவு சுவையாகப் பேசுகிறார்கள்! அதில் ஒரு பக்கத்தையேனும் தமிழில் எழுதி இவ்விதழுக்கு அனுப்பலாகாதா? தாயின் பெயர் அச்சில் வந்தால், அதை வாசிப்பதற்காகவாவது பிள்ளைகள் எழுத்துக் கூட்டக் கற்பார்கள்.

சகோதரிகள் யோசிக்க வேண்டும். சகோதரர்கள் அந்த அரைமணி நேரம் அடுப்பைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.