ஜாகை

கல்யாணம் என்றால் ஜாதகம் பார்ப்பது, நகை வாங்குவது, சமையற்காரரைப் பிடிப்பது ஆகியவையே பெரிய சங்கடங்கள் என்று நேயர்கள் எண்ணியிருக்கக் கூடும். நாமும் அப்படித்தான் எண்ணியிருந்தோம். சென்ற தை மாதத்தில் நமது புதல்வியின் விவாகத்தைத் திருவொற்றியூரில் நடத்துவதென்று நிச்சயித்த பிறகே, இவற்றையெல்லாம் விழுங்கி ஏப்பம் விடக்கூடிய வேறொரு சங்கடம் உண்டென்று தெரிந்தது. அதன் பெயர் ஜாகை. வருகிறவர்களை எங்கே படுக்க வைப்பது? அதற்கு யார் பணம் கொடுப்பது?

முற்காலத்தில் இந்தக் கேள்வி இவ்வளவு உக்கிரமாக எழவில்லை. கிராமத்தில் கல்யாணம் என்றால் தெருவிலுள்ள திண்ணைகள் யாவும் ஜாகைதான். பட்டணத்தில் சத்திரங்கள் இருந்தன. 1856-ஆம் வருஷம் ராயபுரத்திலிருந்து முதல் ரயில் புறப்பட்ட நாள் முதலே, வண்டியில் வந்து இறங்குகிறவர்கள் எங்கே தங்குவார்கள் என்ற கவலை சென்னைக்கு உண்டு. ராயபுரத்துப் பிரசவ ஆஸ்பத்திரிக்குக் காரணகர்த்தாவான ராஜா ஸர் ராமசாமி முதலியார், ஸென்ட்ரல் ஸ்டேஷனுக்கு எதிரே ஒரு சத்திரமும் கட்டி வைத்தார். பிறக்கிறவர்களுக்கும் இடம் வேண்டும், வருகிறவர்களுக்கும் இடம் வேண்டும் என்று அந்தப் புண்ணியவான் கருதினார் போலும்!

நமக்கோ டோல்கேட் பக்கத்தில் இரண்டு அறைகள் கொண்ட வீடு. திண்ணை கிடையாது. கல்யாண மண்டபத்தில் ஆறு அறைகள். வெளியூரிலிருந்து வருகிறவர்களோ நூற்றுக்கு மேல்.

அழைப்பிதழ் அச்சிடப் போனபோது அச்சகத்தார், "தங்கும் வசதி செய்யப்பட்டுள்ளது என்று ஒரு வரி போட்டு விடட்டுமா, ஸார்?" என்று கேட்டார். நாம் அலறி விட்டோம். வாக்குக் கொடுப்பதற்குத் திருவொற்றியூர் பொல்லாத ஊர். சுந்தரமூர்த்தி நாயனார் இவ்வூரில்தான் சங்கிலியாரை மணந்தார். 'உன்னைப் பிரியேன்' என்று சந்நிதியில் சத்தியம் செய்ய நேரும்போது சுவாமி அங்கே இல்லாமல் மகிழ மரத்தடிக்குப் போய்விட வேண்டும் என்று முன்கூட்டியே ஏற்பாடு செய்து வைத்தார். சங்கிலியாரோ மகிழ மரத்தடியிலேயே சத்தியம் செய்யும்படி கேட்டு விட்டார். அப்புறம் வாக்குத் தவறிய நாயனாருக்குக் கண் பார்வை போயிற்று. அப்பேர்ப்பட்டவர் கதியே அதுவானால், ஒரு பள்ளிக்கூட உபாத்தியாயர் 'தங்கும் வசதி' என்று அச்சடித்து விட்டு எப்படித் தப்புவது?

மேலும் ஒரு பழைய அனுபவம் நமக்குப் பாடம் கற்பித்திருந்தது. சில வருஷங்களுக்கு முன் நெருங்கிய பந்து ஒருவர் தம் பெண்ணின் கல்யாணத்துக்கு வந்தவர்களை ஓட்டலில் தங்கவைத்து, "எல்லாம் நம் கணக்கு" என்று பெருந்தன்மையுடன் சொல்லி விட்டார். கீழே மண்டபத்தில் வடை பாயசத்துடன் பந்தி நடந்து கொண்டிருந்தபோது, மாடியில் ஓர் அறைக்கு மட்டும் ஏழு பிரியாணி போயிருக்கிறது! துணி வெளுத்த கூலி, பகல் பன்னிரண்டு மணிக்குக் காலி செய்யாததற்கு இன்னொரு நாள் வாடகை என்று பில் மூன்று பக்கம் நீண்டது. அவர் சிரித்துக் கொண்டே பணம் கட்டினார். அந்தச் சிரிப்பை நாம் இன்னும் மறக்கவில்லை.

ஆகவே ஒரு ஞாயிற்றுக்கிழமை காகிதமும் பேனாவுமாக உட்கார்ந்தோம். முந்தின நாள் மாலை வரவேற்பு, மறுநாள் காலை ஆறு மணிக்குமேல் முகூர்த்தம். லாட்ஜ்காரர் அறை ஒன்றுக்கு இரவுக்கு 2,400 ரூபாய் கேட்டார். 7,500 ரூபாய் வரையுள்ள அறைகளுக்கு 2025 செப்டம்பர் 22 முதல் வரியை 12 விழுக்காட்டிலிருந்து 5 விழுக்காடாகக் குறைத்திருந்தார்கள். அது ஒன்றே ஆறுதல். அப்படியும் இருபது அறை, இரண்டு இரவு என்று போட்டால் 1,00,800 ரூபாய் வந்தது. நமது ஒரு மாதச் சம்பளத்தைக் காட்டிலும் அதிகம். வருங்கால வைப்பு நிதியில் வாங்கிய கடனோ நகைக்கடையிலேயே தீர்ந்திருந்தது.

பெரியமேட்டில் மலிவாக அறை கிடைக்கும்; ஸென்ட்ரலில் மெட்ரோ ரயில் ஏறினால் தேரடியில் இறங்கலாம் என்று ஒரு நண்பர் யோசனை சொன்னார். 2021-இல் விம்கோ நகர் வரை அந்த ரயில் வந்தது வடசென்னைக்குப் பெரிய வரப்பிரசாதம் என்பதில் ஐயமில்லை. ஆனால் முதல் வண்டி காலை ஐந்து மணிக்குத்தான். பட்டுப் புடவையும் பூவும் சூடிய பாட்டிமார்கள் அதைப் பிடித்து ஓடி வருவதை மனக்கண்ணால் பார்த்தோம்; யோசனையைக் கைவிட்டோம். வான் வைக்கலாமென்றால், துறைமுகத்துக்குள் நுழையக் காத்திருக்கும் கண்டெய்னர் லாரிகளின் வரிசை எந்த நேரத்தில் எந்தச் சாலையை அடைக்கும் என்று யார் சொல்ல முடியும்?

"மாப்பிள்ளை வீட்டாருக்கு ஒன்றும் குறைக்க வேண்டாம். நீங்கள் மிச்சம் பிடிக்கும் ஆயிரம் ரூபாய்க்குக் குழந்தை ஆயுள் முழுவதும் பேச்சுக் கேட்க வேண்டும்" என்றாள் நம் மனைவி. அதில் வாஸ்தவம் இருந்தது. நம்மைக் கஞ்சன் என்று சொன்னால் இந்தக் காதில் வாங்கி அந்தக் காதில் விட்டு விடலாம். பெண்ணைச் சொன்னால்?

கடைசியில் துணிந்து சம்பந்தியையே கூப்பிட்டுப் பேசினோம். பத்து அறை, ஓர் இரவு, காலைக் காப்பி நம்முடையது. அதற்கு மேற்பட்டது தங்குகிறவர்களுடையது என்று சொல்லி முடிப்பதற்குள் தொண்டை வறண்டு விட்டது. அவர் சற்று நேரம் மௌனமாயிருந்தார். பிறகு, "இதைச் சொன்னீர்களே, ஸார்! எத்தனை அறை என்று உங்களிடம் எப்படிக் கேட்பதென்று நானும் ஒரு வாரமாகத் தவித்துக் கொண்டிருக்கிறேன்" என்றார். அந்த மனிதர் மீது நமக்கு அன்று உண்டான பிரியம் இன்னும் குறையவில்லை.

நம் பக்கத்துக்கு நாலு அறைகள். ஆகப் பதினாலு அறை, ஓர் இரவு, 35,280 ரூபாய். அந்த நாலில் ஒன்றைச் சிங்கப்பூரிலிருந்து வரும் சித்தப்பா மகனுக்கு எழுதியிருந்தோம். மற்றவர்களை மண்டபத்துக் கூடத்தில் ஜமக்காளம் என்று போட்டு, காகிதத்தை மடித்து வைத்தோம்.

புதல்வி அதை எடுத்துப் பார்த்தாள். "அத்தை கூடத்திலா, அப்பா?" என்றாள். வேறொன்றும் சொல்லவில்லை.

விழுப்புரம் பக்கத்தில் இருக்கும் நம் தமக்கையார்தான் அந்த அத்தை. இரண்டு எருமைகளின் பாலை விற்று, நம்மைப் பட்டதாரியாக்கியவர். இப்போது அவருக்கு முழங்கால் மடங்குவதில்லை. தரையில் உட்கார்ந்தால் தூக்கிவிட ஆள் வேண்டும். சிங்கப்பூர்க்காரர் முகம் சுளிப்பார் என்று அவருக்கு அறை. அக்காள் ஒன்றும் சொல்ல மாட்டார் என்று அவருக்குத் தரை! இந்தக் கணக்கை நாம் எப்போது போட்டோம் என்பதே ஞாபகமில்லை. கை தானாகப் போட்டிருந்தது.

சிங்கப்பூர்க்காரருக்கு லாட்ஜின் விலாசத்தையும் வாடகையையும் மரியாதையாக எழுதி அனுப்பினோம். பதிலே வரவில்லை. கல்யாணத்துக்கு வந்தார், மொய் எழுதினார், நம்முடன் அதிகம் பேசவில்லை. அது போகட்டும்.

மண்டபத்தின் கீழ்த்தளத்தில் கட்டிலும் வசதியான கழிப்பறையும் உள்ள அறை ஒன்று இருந்தது. அதை அக்காளுக்கு ஒதுக்கியிருப்பதாகத் தொலைபேசியில் சொன்னபோது, "எனக்கு எதுக்குத் தம்பி தனி அறை? நாலு பேரோடு கூடத்தில் படுத்தால்தானே கல்யாணம்!" என்று கோபித்துக் கொண்டார். விடாப்பிடியாகச் சாவியைக் கையில் கொடுத்தோம்.

இரவு பதினோரு மணிக்கு, சௌகரியமாகத் தூங்குகிறாரா என்று பார்க்கப் போனோம். அறையில் ஐந்து கிழவிகள் இருந்தனர். நாலு பேர் தரையில் பாய் விரித்துப் படுத்து ஊர் வம்பு பேசிக் கொண்டிருந்தார்கள். அக்காள் கட்டிலின் ஓரத்தில், விழுந்து விடுவாரோ என்று பயப்படும்படி ஒடுங்கிப் படுத்திருந்தார். கட்டிலின் மற்ற இடம் முழுவதையும் அந்த நாலு பேருடைய பைகள் அடைத்துக் கொண்டிருந்தன.